மகளின் படத்துக்கு மாலை

காலை பத்து மணி நாற்பத்திரண்டு நிமிடம். சனிக்கிழமை. ஹம்பேர்க்கில் எங்கள் குசினி மேசையில் இருந்து நான் வெங்காயம் உரித்துக்கொண்டிருந்தேன். மனைவி கௌரி விடியவே முதியோர் இல்லத்தில் வேலைக்குப் போய்விட்டாள். நேரம் இவ்வளவு துல்லியமாகத் தெரிவதற்கு என் ஞாபகசக்தி காரணமில்லை. அந்த அழைப்பு இன்னும் என் கைபேசியில் கிடக்கிறது. அழிக்க மனம் வரவில்லை.

அழைத்தவர் கனகண்ணை. இரண்டு தெரு தள்ளி இருக்கிறார். எப்போதும் "என்னடாப்பா" என்று தொடங்குகிற மனிதர். அன்று என் பெயரைச் சொல்லித் தொடங்கினார்.

"சிவா, தனியவோ இருக்கிறீர்?"

"ஓம் அண்ணை. கௌரி வேலைக்குப் போட்டா. ஏன்?"

"ஒண்டுமில்லை. ஒரு கதிரையில இரும். நாங்கள் வாறம்."

"என்னண்ணை விசயம்?"

பின்னால் அவருடைய மனைவியின் குரல் கேட்டது. "வையுங்கோ, நேரில போய்க் கதைப்பம். அதுக்கு இன்னும் தெரியாது போல." 'அது' நான்தான்.

கைபேசியைக் கீழே வைக்க முதல் அது மூன்று தரம் அதிர்ந்தது. மூன்று வெவ்வேறு ஆட்கள் ஒரே படத்தை அனுப்பியிருந்தார்கள். சுவரில் சாய்த்து வைத்த ஒரு சட்டம் போட்ட புகைப்படம். அதற்கு மாலை. முன்னால் ஒரு பித்தளை விளக்கு எரிகிறது. படத்துக்குள் என் மகள் ஆரணி, மயில் நீலச் சேலையில் சிரித்துக்கொண்டிருந்தாள். கீழே யாரோ எழுதியிருந்தார்கள்: ஆத்மா சாந்தியடையட்டும்.

எனக்கு மட்டும் தெரிந்த படம்

எங்கள் ஆட்களுக்கு இதற்கு மேல் விளக்கம் தேவையில்லை. உயிரோடு இருக்கிற ஒருவரின் படத்துக்கு நாங்கள் மாலை போடுவதில்லை. கலியாண வீட்டில்கூட மாலை கழுத்துக்குத்தான், படத்துக்கு இல்லை.

ஆரணியை இந்தத் தொடரில் முதற்தரம் சந்திப்பவர்களுக்காகச் சொல்கிறேன். எங்களுக்கு ஒரே பிள்ளை. ஹம்பேர்க்கில் பிறந்தவள், முப்பது வயது. பத்து வருடத்துக்கு மேலாக லண்டனில் இருக்கிறாள். அங்கத்தைய குடியுரிமை எடுத்துவிட்டாள். பத்திரிகைகள் அவளைப் 'பிரித்தானிய நடிகை' என்று எழுதுகின்றன. அன்றைக்கு அவள் ஒரு திரைப்படத்துக்காகப் பேர்லினில் நின்றாள். இரண்டு கிழமையாகப் படப்பிடிப்பு.

அவளை அழைத்தேன். மணி அடித்தது, எடுக்கவில்லை. திரும்ப அழைத்தேன். படப்பிடிப்பில் கைபேசிகளை வாங்கி ஒரு பையில் போட்டுப் பூட்டிவிடுவார்கள் என்று சொல்லியிருந்தாள். அது ஞாபகம் வந்தது. ஆனால் எடுக்காமல் அடிக்கும் மணிக்கு இரண்டு அர்த்தம் இருக்கலாம் என்பதும் எனக்குத் தெரியும்.

படத்தைத் திரும்பப் பார்த்தபோதுதான் கவனித்தேன். அந்தப் புகைப்படத்தை எடுத்தவன் நான். ஒரு தைப்பொங்கலன்று எங்கள் பல்கணியில், பழைய கமராவில் எடுத்தது. பிரதி எங்கள் அலுமாரியில் ஒன்றுதான் இருந்தது. ஒரு மாதத்துக்கு முதல் ஆரணி கேட்டாள். "அப்பா, சேலையோட, வீட்டில நிக்கிற மாதிரி, நல்ல ஒரு படம் வேணும். வேலைக்கு." நான் அதைப் பெரிய அளவில் கழுவுவித்துத் தபாலில் அனுப்பினேன். என்ன வேலைக்கு என்று கேட்கவில்லை. நான் தெரிவுசெய்த படத்தை லண்டன்காரர் விரும்பினார்களே என்ற சந்தோசப் புளுகத்தில் இருந்தேன்.

ஆகவே அந்தப் படம் அவளிடம் மட்டும்தான் இருக்கமுடியும். அவளுடைய அறையிலிருந்து யாரோ அதை எடுத்திருக்கிறார்கள். எதற்காக எடுத்திருப்பார்கள்?

ஒரு வசனத்துக்காக லண்டன்

இந்த இடத்தில் கொஞ்சம் பின்னால் போகவேண்டும்.

அவளுக்குக் கீல் நகரில் பிசியோதெரபி என்கிற இயன்மருத்துவம் படிக்க இடம் கிடைத்திருந்தது. அந்தக் கோடையில் "பெரியம்மா வீட்டுக்குப் போறன்" என்று லண்டன் போனாள். திரும்பிவந்து, நாடகப் பள்ளியில் தெரிவாகிவிட்டேன் என்றாள். அவளுடைய பெரியம்மாவுக்கே அது தெரியாது. காலையில் சாப்பாட்டுப் பெட்டியோடு வெளிக்கிட்டு, பரீட்சைக்கு நின்றுவிட்டு, பின்னேரம் வந்து அவவோடு இருந்து ரீவி பார்த்திருக்கிறாள்.

கௌரி மூன்று நாள் கதைக்கவில்லை. எனக்குக் கோபத்தைவிட ஒரு விசாரணைக் குணம்தான் கூடியிருந்தது. நடிப்பை எப்படிப் பள்ளிக்கூடத்தில் சொல்லிக்கொடுப்பார்கள்? நான் பல் செய்கிற தொழிற்கூடத்தில் வேலை செய்கிறேன். அதற்கு மூன்றரை வருடம் ஆஸ்பில்டுங் என்கிற தொழிற்பயிற்சி செய்தேன். பல்லைப் பிழையாகச் செய்தால் கடிக்க ஏலாது. நடிப்பைப் பிழையாகச் செய்தால் என்ன நடக்கும் என்று கேட்டேன்.

"ஆக்கள் இருமத் தொடங்குவினம் அப்பா," என்றாள்.

அவள் முதன்முதல் பெரிய மேடையில் நின்றபோது நாங்கள் விமானம் ஏறிப் போனோம். வேலைக்காரப் பெண் வேடம். "வண்டி வந்திட்டுது ஐயா" என்று ஒரே ஒரு வசனம். அதைச் சொல்லுமுன் நாற்பது நிமிடம் கையில் விளக்கோடு ஓரத்தில் நின்றாள். நான் வேறு ஒருவரையும் பார்க்கவில்லை. அவள் சும்மா நிற்கவில்லை. மற்றவர்கள் கதைக்கும் ஒவ்வொரு சொல்லுக்கும் அவளுடைய தோள் கொஞ்சம் ஏறி இறங்கியது. எனக்குப் பக்கத்தில் இருந்த கிழவரும் அவளைத்தான் பார்த்துக்கொண்டிருந்தார் என்று இன்றைக்கும் நம்புகிறேன். கௌரி அவர் நித்திரை என்கிறாள்.

அதற்குப் பிறகு மேடை மேடையாக ஏறினாள். சிலவேளை ஒரு முழு வருடம் வேலை இல்லை. முதன்மை நடிகைக்கு வருத்தம் வந்தால் மட்டும் மேடையேறுகிற பதிலாள் வேலை ஒன்று இருக்கிறது. எட்டு மாதம் மற்றவளின் வசனம் முழுவதையும் பாடமாக்கிவிட்டு, அந்த நடிகைக்கு ஒரு தடிமல்கூட வராததைப் பார்த்துக்கொண்டிருந்தாள். திரையில் தாதி, மருந்துக்கடைப் பெண், பொலிஸ், மருத்துவர், பிறகும் மருத்துவர். "நான் படிக்காம விட்டதையெல்லாம் ஒவ்வொண்டா முடிக்கிறன் அம்மா," என்பாள்.

நாடகம் நடக்கிற காலத்தில் என்ன நடந்தாலும் வரமாட்டாள். மச்சாளின் கலியாணத்துக்கு வரவில்லை. எங்கள் இருபத்தைந்தாவது கலியாண நாளுக்கும் வரவில்லை. சீட்டு வாங்கின ஆட்கள் வந்து இருப்பினம், நான் நிக்கவேணும் என்பாள். அது அவர்கள் தொழிலின் விரதம்.

சாவதென்றால் முன்கூட்டிச் சொல்லவேண்டும்

ஒருமுறை அவள் ரீவியில் செத்தாள். துப்பறியும் தொடர் ஒன்றில், ஆற்றங்கரையில் கிடந்தாள். எங்களுக்கு முன்னறிவிப்பு இல்லை. கௌரி எழும்பி ரீவியை நிறுத்திவிட்டு, சுவாமி அறைக்குப் போய் விளக்கை ஏற்றினாள். நான் லண்டனுக்கு அடித்தேன்.

"அப்பா, நான் குசினியில நிண்டு மீன் பொரிக்கிறன்," என்றாள். எண்ணெய் சத்தத்தையும் கேட்கவைத்தாள்.

அன்றிலிருந்து எங்களுக்குள் ஓர் ஒப்பந்தம். சாகிற வேலை வந்தால் எங்களுக்கு முதலே சொல்லவேண்டும். சொல்லியும் வந்தாள். "வாற செவ்வாய்க்கிழமை எனக்கு நஞ்சு வைக்கினம்" என்று தகவல் வரும். கௌரி அன்று பின்னேர வேலை கேட்டு வாங்கிக்கொள்வாள்.

வாசகர்கள் இப்போது கேட்கலாம்: அப்படியென்றால் அந்த மாலையும் திரைப்படத்துக்கான வேலை என்று ஏன் நினைக்கவில்லை? நினைத்தேன். ஒரு நிமிடத்துக்குள் நினைத்தேன். அந்த ஒப்பந்தம்தான் என்னை மறித்தது. அவள் ஒன்றும் சொல்லவில்லையே. சாகிற வேலை என்றால் சொல்லியிருப்பாள். சொல்லாததால் இது வேலை இல்லை. பயந்த மூளை இப்படித்தான் கணக்குப் போடும்.

பிறகு ஆரணி தன் பக்கத்தைச் சொன்னாள். அந்தக் கதையில் அவள் ஒரு குடும்பத்தின் மூத்த மகள். படம் தொடங்குவதற்கு முதலே இறந்துவிட்டவள். வீட்டுக்குள் நடமாடுவாள், தங்கைக்கு மட்டும் தெரிவாள். "சாகிற காட்சியே இல்லையப்பா. அதால சொல்ல வரேல்லை," என்றாள். உண்மையான காரணம் வேறு என்று அவளே பின்னர் ஒப்புக்கொண்டாள். மாலை போடப்போகிறார்கள் என்று தெரிந்தால் நான் படம் தரமாட்டேன். தந்திருக்கமாட்டேன்தான்.

விளக்கின் காலில்

பதினொன்றரைக்குள் எங்கள் வரவேற்பறையில் ஒன்பது பேர். ஒருவரும் மணி அடிக்கவில்லை. கனகண்ணை வந்தபோது கதவைத் திறந்துவைத்துவிட்டார்.

அவருடைய மனைவி இரண்டு பெரிய பாத்திரத்தில் இடியப்பமும் சொதியும் கொண்டுவந்திருந்தா. செத்தவீட்டில் அடுப்பு மூட்டுவதில்லை. நான் பாதி உரித்த வெங்காயத்தை அவ மேசையிலிருந்து எடுத்துக் குப்பைவாளியில் போட்டா. அந்தச் செய்கைதான் என்னை உலுக்கியது. பக்கத்துத் தெருக்காரர் ஒருவர் சிறிது நேரம் இருந்துவிட்டு, "போட்டு வாறன்" என்று சொல்லாமல் எழும்பிப் போனார். செத்தவீட்டில் அப்படிச் சொல்லிக்கொண்டு போவதில்லை. என் மகளின் சாவு என்னுடைய வீட்டில் முறைப்படி நடந்துகொண்டிருந்தது. நான் மட்டும்தான் அதற்குப் பழகவில்லை.

அவர்கள் அவளைப் பற்றிக் கதைத்தார்கள். நான் காது கொடுத்தேன். இதைச் சொல்ல வெட்கமாக இருக்கிறது, ஆனால் கேட்க ஆசையாகவும் இருந்தது. பத்து வருடமாக "பிள்ளை எப்ப ஒரு வேலை எடுக்கப்போகுது?" என்று கேட்டுவந்த கனகண்ணை, "அவ ஒரு கலைஞி" என்றார். அவருடைய மனைவி ஆரணி நடித்த தொடர் எல்லாவற்றையும் பார்த்திருந்தா. ஆற்றங்கரை, நஞ்சு, நீதிமன்றம், எல்லாம். எனக்கே தெரியாத ஒன்றையும் சொன்னா.

"சமையல் நிகழ்ச்சி மாதிரி ஒரு விளம்பரத்திலயும் வந்தவ. சூப் குடிக்கிறது."

"நீர் எனக்கு ஒரு நாளும் சொல்லேல்லையே," என்றார் கனகண்ணை.

"உங்களுக்குச் சொன்னா, கூத்தாடுற பிள்ளை எண்டு தொடங்குவியள்."

கௌரியை வேலையில் அழைப்பதா என்று நான் தவித்துக்கொண்டிருந்தேன். அவளுடைய கைபேசி இரண்டு மணிவரை அலுமாரிப் பெட்டிக்குள். வரவேற்புக்கு அழைத்தால் கூப்பிட்டுத் தருவார்கள். என்ன சொல்வது? இந்தப் படத்தை அனுப்பவா? குளியலறைக்குள் போய்க் கதவைப் பூட்டிக்கொண்டு, படத்தைப் பெரிதாக்கிப் பெரிதாக்கிப் பார்த்தேன். ஒரு பல்லில் தலைமயிர் அளவு வெடிப்பைத் தேடிப் பழகிய கண் இது.

முதலில் நிலத்தில் ஒரு மஞ்சள் ஒட்டுநாடா தெரிந்தது. சிறியது, T வடிவத்தில். நடிகர் எந்த இடத்தில் வந்து நிற்கவேண்டும் என்று காட்ட ஒட்டுவது. ஆரணி ஒரு விடுமுறையில் எங்கள் கம்பளத்தில் அப்படி ஒட்டிப் பயிற்சி செய்து, பசை போகாமல் தாயிடம் ஏச்சு வாங்கினவள்.

பிறகு விளக்கின் காலைப் பார்த்தேன். வெள்ளையாக ஒரு விலைச்சீட்டு. அதில் பேர்லின் நொய்கெல்ன் பகுதித் தமிழ்க்கடை ஒன்றின் பெயர், தொலைபேசி இலக்கம். விலைச்சீட்டை உரிக்காமல் செத்தவீட்டில் யார் விளக்குக் கொளுத்துவார்கள்?

அழைத்தேன்.

"வணக்கம், கடை."

"தம்பி, ஹம்பேர்க்கில இருந்து கதைக்கிறன். ஆரணியின்ர தகப்பன்."

"எந்த ஆரணி அண்ணை?"

"நடிகை."

"ஓ, அந்த லண்டன் பிள்ளையோ. என்னண்ணை, இன்னும் சாமான் ஏதும் வேணுமாமோ?"

நான் குளியல்தொட்டியின் விளிம்பில் இருந்துவிட்டேன்.

"நீர் அவவைக் கடைசியா எப்ப கண்டனீர்?"

"காலமை எட்டு மணிக்கு. விளக்கும் மாலையும் கொண்டு போய்க் குடுத்தனான். பிளாஸ்க்கில தேத்தண்ணியும் கொண்டு போனனான். வாங்கிக் குடிச்சா."

"சீனி போட்டோ?"

"ரெண்டு கரண்டி. ஏனண்ணை, வருத்தமோ அவவுக்கு?"

இரண்டு கரண்டி சீனி போடாதே என்று பதினைந்து வருடமாகச் சொல்லிவருகிறேன்.

நடந்ததைச் சொன்னபோது அந்த மனிதர் அழுதேவிட்டார். கடையின் விளக்கு சினிமாவில் வருகிற பெருமையில், ஒருவருக்கும் தெரியாமல் ஒரு படம் எடுத்து ஹம்பேர்க்கில் இருக்கிற தமக்கைக்கு அனுப்பியிருக்கிறார். "எங்கட விளக்கும் நடிக்குது" என்று குரல்பதிவில் தனியாகச் சொல்லியிருக்கிறார். படம் ஊரெல்லாம் போனது. குரல்பதிவு தமக்கையோடு நின்றுவிட்டது.

"அண்ணை, நான் பிள்ளைக்குச் சொன்னனான், உயிரோட இருக்கிற ஆளின்ர படத்துக்கு மாலை போடக்கூடாது எண்டு. 'எனக்கு இது வேலை அண்ணை' எண்டா. மனம் கேக்கேல்லை. கண்ணூறு படாம, படத்துக்குப் பின்னால ஒரு தேசிக்காய் செருகிவிட்டனான். அவவுக்குத் தெரியாது."

"நல்லது தம்பி," என்றேன்.

"நான் இப்பவே திரும்பப் போய் அவவைக் கண்டு சொல்லுறன்," என்றார்.

இரண்டு ரயில்

வெளியே வந்து சொன்னேன். ஒருவரும் மகிழ்ந்து குதிக்கவில்லை. கவலையில் எனக்குப் புத்தி பேதலித்துவிட்டது என்று நினைத்தார்கள்.

"கடைக்காரன் சொன்னவனாம்," என்றார் கனகண்ணை மற்றவர்களிடம், மெதுவாக. "இவ்வளவு பேர் அனுப்பினது பொய்யோ?"

"பிள்ளையின்ர குரலைக் கேட்டனீரோ?" என்று கேட்டா அவருடைய மனைவி. நியாயமான கேள்வி. நான் கேட்கவில்லை. என் நெஞ்சிலும் அந்த முள் இருந்தது. எட்டு மணிக்குத் தேநீர் குடித்தவளுக்கு ஒன்பது மணிக்கு ஒன்றும் ஆகாது என்று எந்தக் கடைக்காரர் உறுதி தருவார்?

வந்தவர்களை அப்படியே இருக்கவிட்டு, கௌரியைச் சந்திக்க எஸ்-பான் ரயில் நிலையத்துக்கு ஓடினேன். வழியில் யாராவது அவளுக்குத் துக்கம் சொல்லிவிடக்கூடாது. போகும் வழியெல்லாம் அழைப்புகள். சிங்கனிலிருந்து, சூரிச்சிலிருந்து, பாரிசிலிருந்து. நிலையத்தில் நிற்கும்போது கைபேசி மின்சாரம் முடிந்து அணைந்தது.

கௌரி இறங்கியதும் முழுவதையும் ஒரே மூச்சில் சொன்னேன். நல்ல செய்தியை முதலில் வைத்துச் சொன்னேன்.

"எந்தப் படம்? நீலச் சேலையோ?"

"ஓம்."

"அதில அவளுக்குக் கண் சின்னன் எண்டு நான் அப்பவே சொன்னனான்."

சொல்லிவிட்டு நிலையத்து வாங்கில் உட்கார்ந்தாள். இரண்டு ரயில் வந்து போனது. மூன்றாவது ரயிலின் சத்தத்தில்தான் அழுதாள், மற்றவர்களுக்குக் கேட்காதபடி. பிறகு தன் கைபேசியில் ஆரணியை அழைத்தாள். இந்தமுறை மணியே அடிக்கவில்லை.

எங்களுக்குத் தெரியாமல் பேர்லினில் நடந்தது இது. மத்தியானச் சாப்பாட்டு இடைவேளையில் பையைத் திறந்து கைபேசியைக் கொடுத்திருக்கிறார்கள். என்னுடைய அழைப்புகள் மட்டும் முப்பத்தேழு. 'உடனே எடு' என்று ஒரு செய்தி, அவ்வளவுதான் எழுதியிருந்தேன். காலை முழுவதும் அதிர்ந்த கைபேசியில் உயிர் கொஞ்சம்தான் மிச்சம். என்னை அழைத்தாள், வேறு அழைப்பில் இருந்தேன். தாயை அழைத்தாள், அது இன்னும் பெட்டிக்குள் அணைத்தபடி கிடந்தது. மூன்றாம் தரத்துக்குக் கைபேசி அணைந்தது. இரவல் கைபேசியில் அடிக்க எங்கள் இலக்கம் ஒன்றும் அவளுக்குப் பாடமில்லை. அப்பா ஒரு நாளும் இப்படி அடிக்கமாட்டார், அப்பாவுக்குத்தான் ஏதோ நடந்துவிட்டது என்று முடிவு செய்தாள். நெறியாளரிடம் போய், மன்னிக்கவேண்டும், நான் வீட்டுக்குப் போகவேண்டும் என்றிருக்கிறாள். வேடத்தைக்கூடக் கழுவவில்லை. ஒரு மேலங்கியை இரவல் வாங்கிப் போட்டுக்கொண்டு ஹம்பேர்க் ரயில் ஏறிவிட்டாள். நொய்கெல்ன் கடைக்காரர் திரும்பப் போய் விசாரித்தபோது, பிள்ளை போய்விட்டது என்றார்களாம்.

நாங்கள் வீட்டுக்குத் திரும்பியபோது கூட்டம் கூடியிருந்தது. கௌரி உள்ளே வந்ததும் பெண்கள் எழும்பி அவளைக் கட்டிப்பிடிக்கப் போனார்கள். "பிள்ளை இருக்கிறாள், சாப்பிடுங்கோ," என்று எல்லாருக்கும் சாப்பாட்டுக் கோப்பை எடுத்துக்கொடுத்தாள். அதையும் ஒருவரும் நம்பவில்லை. ஆனாலும் சாப்பிட்டார்கள். பிள்ளையின் குரலைக் கேட்டுவிட்டுத்தான் போவோம் என்று சொல்லி இருந்தார்கள். என் கைபேசியை மின்சாரத்தில் செருகிவிட்டு எல்லாரும் அதையே பார்த்துக்கொண்டிருந்தோம்.

நாலரை இருக்கும். படியில் யாரோ ஓடிவரும் சத்தம். கதவு சாத்தித்தான் இருந்தது, பூட்டவில்லை. நான் எழும்பிப் போய்த் திறந்தேன்.

ஆரணி. முகம் கழுத்துவரை சாம்பல் நிறப் பூச்சு, உதட்டில் இரத்தமே இல்லை. பெரிய ஆண்கள் மேலங்கிக்குள் மெல்லிய வெள்ளைச் சட்டை. எனக்குப் பின்னால் கனகண்ணையின் மனைவி "முருகா" என்று சுவரோடு சாய்ந்தது கேட்டது.

மகள் அவர்களைப் பார்க்கவில்லை. வாசலில் வரிசையாகக் கிடந்த இருபது சோடிச் சப்பாத்துகளைப் பார்த்தாள். என்னைப் பார்த்தாள். இரண்டு கையாலும் என் சட்டையைப் பிடித்து நெஞ்சில் அழுத்திப் பார்த்தாள். என் தோளுக்கு மேலால், கையில் சொதிக் கரண்டியோடு நின்ற தாயைப் பார்த்தாள். மூச்சு வாங்கியபடி கேட்டாள்:

"அப்ப, ஆரப்பா செத்தது?"